கேமில் ஸ்கிரீன்ஷாட் எடுப்பது எப்படி? கம்ப்யூட்டர், கன்சோல், ஃபோன் எல்லாவற்றுக்கும்

டிவியில் ஓடும் கேமை ஃபோன் கேமராவால் படம் பிடித்து குரூப்பில் போடுகிறவர்கள் இன்னும் நிறையப் பேர் இருக்கிறார்கள். படத்தின் குறுக்கே கோடு கோடாக ஓடும், நடுவில் டியூப்லைட் அடிக்கும், ஓரத்தில் எடுத்தவரின் நிழலும் விழுந்திருக்கும். இத்தனைக்கும் கையில் இருக்கும் கன்ட்ரோலரிலேயே இதற்கு ஒரு பட்டன் இருக்கிறது.

பட்டனை அழுத்துவது பெரிய வேலையில்லை. புதிதாக வருகிறவர்கள் திணறுவது அதற்குப் பிறகுதான். எடுத்த படம் எங்கே போனது? ஃபோனுக்கு எப்படிக் கொண்டுவருவது? அனுப்பியதும் ஏன் மங்கலாகிறது? எனவே பட்டனோடு சேர்த்து, படம் போய்ச் சேரும் இடத்தையும் சொல்லிக்கொண்டே போகிறேன். உதாரணத்துக்கு 2023-ல் வந்த 'வெண்பா'வை எடுத்துக்கொள்வோம். கனடாவில் குடியேறிய ஒரு தமிழ்க் குடும்பத்தைப் பற்றிய சமையல் கேம். கம்ப்யூட்டர், பிளேஸ்டேஷன் 5, எக்ஸ்பாக்ஸ், ஸ்விட்ச் எல்லாவற்றிலும் கிடைக்கிறது. அம்மாவின் சமையல் குறிப்பு நோட்டு பாதி அழிந்துபோயிருக்கும், மீதியை நாமே யோசித்துச் சமைக்க வேண்டும். அந்த நோட்டுப் பக்கத்தைத்தான் இப்போது ஸ்கிரீன்ஷாட் எடுக்கப்போகிறோம்.

கம்ப்யூட்டரில்

ஸ்டீம் என்ற ஆன்லைன் கேம் கடையில் வாங்கிய கேம் என்றால் எஃப்12 போதும். கேமரா சத்தம் கேட்டு, திரையின் மூலையில் சின்னதாக ஒரு அறிவிப்பு வந்தால் படம் விழுந்துவிட்டது. எதுவும் வரவில்லையா? லேப்டாப்பாக இருந்தால் எஃப்என் கீயையும் சேர்த்து அழுத்திப் பாருங்கள். பல லேப்டாப்களில் எஃப்12 வேறு வேலைக்கு ஒதுக்கப்பட்டிருக்கும். அப்போதும் வராவிட்டால், ஸ்டீம் செட்டிங்ஸில் 'இன் கேம்' பகுதிக்குப் போய் கீயையே மாற்றிக்கொள்ளலாம்.

எடுத்த படங்களைப் பார்க்க, ஸ்டீமின் மேல் வரிசையில் 'வியூ' மெனுவைத் திறந்து ஸ்கிரீன்ஷாட்ஸுக்குப் போங்கள். படங்கள் கேம் வாரியாக இருக்கும். உண்மையான ஃபைல் வேண்டுமென்றால், படத்தைத் தேர்ந்தெடுத்து அது இருக்கும் ஃபோல்டரை அங்கிருந்தே திறக்கலாம். அந்த ஃபோல்டரை நீங்களாகத் தேடிப் போகாதீர்கள். ஸ்டீம் அதை எண்களாலான பெயர்களுக்குள் புதைத்து வைத்திருக்கும். ஸ்டீம் டெக் (ஸ்டீம் கேம்களை ஆடும் கையடக்கக் கருவி) வைத்திருப்பவர்கள் ஸ்டீம் பட்டனைப் பிடித்துக்கொண்டு ஆர்1 அழுத்த வேண்டும்.

ஸ்டீம் இல்லாத கேமுக்கு வின்டோஸே உதவும்:

1. வின்டோஸ் கீயையும் ஜி-யையும் சேர்த்து அழுத்தினால் கேம் பார் திறக்கும். அதிலிருக்கும் கேமரா படத்தை அழுத்துங்கள்.
2. மெனுவெல்லாம் வேண்டாம் என்றால், கேம் ஓடும்போதே வின்டோஸ் கீ, ஆல்ட், பிரின்ட் ஸ்கிரீன் மூன்றையும் சேர்த்து அழுத்துங்கள்.
3. படம் 'வீடியோஸ்' ஃபோல்டருக்குள் 'கேப்சர்ஸ்' என்ற இடத்தில் இருக்கும்.

ஆமாம், போட்டோதான், ஆனால் வீடியோஸில்தான் இருக்கும். 'பிக்சர்ஸ்' ஃபோல்டரில் தேடித் தேடி, படமே எடுக்கவில்லை என்று முடிவுகட்டுகிறவர்கள் அதிகம். வின்டோஸ் கீயோடு பிரின்ட் ஸ்கிரீனை மட்டும் அழுத்தினால்தான் பிக்சர்ஸுக்குள் 'ஸ்கிரீன்ஷாட்ஸ்' ஃபோல்டருக்குப் போகும். அது கேமை மட்டும் எடுக்காது, திரையில் தெரியும் மொத்தத்தையும் எடுத்துவிடும். சில பழைய கேம்கள் முழுத்திரையில் ஓடும்போது வெறும் கறுப்புப் படம்தான் விழும். கேமின் டிஸ்ப்ளே செட்டிங்ஸில் 'பார்டர்லெஸ்' (ஓரமில்லாத விண்டோ) என்று மாற்றினால் பெரும்பாலும் சரியாகிவிடும்.

இன்னொரு தொல்லை, வெளிச்சத்தையும் நிறத்தையும் தூக்கிக்காட்டும் எச்டிஆர் வசதி. திரையில் பளிச்சென்று தெரிந்த காட்சி படத்தில் வெளிறிப்போய் இருந்தால் அதுதான் காரணம். வின்டோஸ் கீ, ஆல்ட், பி மூன்றையும் அழுத்தி எச்டிஆரை அணைத்துவிட்டு மறுபடி எடுங்கள்.

மேக்கில் ஷிஃப்ட், கமாண்ட், 3. படம் டெஸ்க்டாப்பில் வந்து உட்காரும்.

சில கேம்களுக்குச் சொந்த கீயே உண்டு. மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பில் எஃப்2 அழுத்தினால் படம். அதற்கு முன் எஃப்1 அழுத்தினால் கையும் கீழே இருக்கும் பட்டையும் மறைந்து, கட்டிய வீடு மட்டும் தெரியும். திரும்பக் கொண்டுவரவும் அதே எஃப்1தான்.

பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ்

பிளேஸ்டேஷன் 5 கன்ட்ரோலரில் டச்பேடுக்கு இடது பக்கம் இருக்கும் சின்ன பட்டன்தான் 'கிரியேட்'. ஒரு தட்டு தட்டினால் மெனு வரும், அழுத்திப் பிடித்தால் ஸ்கிரீன்ஷாட், இரண்டு முறை தட்டினால் சற்றுமுன் ஆடியது வீடியோவாகச் சேமிக்கப்படும். ஒரே தட்டில் படம் விழ வேண்டும் என்று நினைத்தால் செட்டிங்ஸில் 'கேப்சர்ஸ் அண்ட் பிராட்காஸ்ட்ஸ்' பகுதிக்குப் போய் மாற்றலாம். படத்தை ஜேபெக்காக (அளவு சிறியது) வைப்பதா பிஎன்ஜியாக (அளவு பெரியது, தரம் குறையாது) வைப்பதா என்பதையும் அங்கேயே தீர்மானிக்கலாம். கதையின் சில முக்கியக் காட்சிகளில் படம் எடுக்கவே விடாது. அது கேம் செய்தவர்கள் போட்ட தடை, உங்கள் கன்ட்ரோலர் பழுதில்லை.

படங்கள் எல்லாம் 'மீடியா கேலரி'யில் இருக்கும். ஒவ்வொரு டிராஃபி (கேமில் ஒரு சாதனைக்குக் கிடைக்கும் விருது) வாங்கும்போதும் கன்சோல் தானாகவே ஒரு படம் எடுத்து வைப்பதால், நீங்கள் எடுத்ததை அந்தக் கூட்டத்துக்குள் தேட வேண்டியிருக்கும். ஃபோனுக்குக் கொண்டுவர நல்ல வழி பிளேஸ்டேஷனின் ஃபோன் ஆப்பான பிஎஸ் ஆப். ஃபோனில் அதை நிறுவி, அதே கணக்கில் நுழைந்து, படங்கள் தானாக மேலேறும் வசதியை ஆன் செய்யுங்கள். ஆனால் அங்கே 14 நாள்தான் இருக்கும், அதற்குள் ஃபோனில் இறக்கிவிட வேண்டும். மொத்தமாக எடுக்க வேண்டுமென்றால் பென்டிரைவைச் செருகி, மீடியா கேலரியில் படங்களைத் தேர்ந்தெடுத்து நகலெடுக்கலாம். பென்டிரைவ் எக்ஸ்ஃபேட் அல்லது ஃபேட்32 வடிவில் ஃபார்மேட் செய்யப்பட்டிருந்தால்தான் கன்சோல் ஏற்கும்.

எக்ஸ்பாக்ஸில் தலைவலி குறைவு. சீரிஸ் எக்ஸ், சீரிஸ் எஸ் கன்ட்ரோலரின் நடுவிலேயே 'ஷேர்' பட்டன் இருக்கிறது, ஒரு தட்டு போதும். பழைய எக்ஸ்பாக்ஸ் ஒன் கன்ட்ரோலரில் எக்ஸ்பாக்ஸ் பட்டனைத் தட்டி, மெனு வந்ததும் ஒய் அழுத்துங்கள். படம் எக்ஸ்பாக்ஸ் ஃபோன் ஆப்புக்கே வந்துவிடும்.

நின்டென்டோ ஸ்விட்ச்

இடது ஜாய்கானில் (ஸ்விட்சின் பக்கவாட்டில் மாட்டும் கன்ட்ரோலர்), நடுவே வட்டம் போட்ட சதுரப் பட்டன்தான் 'கேப்சர்'. தட்டினால் படம். அழுத்திப் பிடித்தால், இதை அனுமதிக்கும் கேம்களில், கடைசி 30 நொடி வீடியோ. முதல் தலைமுறை ஸ்விட்ச் 1280-க்கு 720 அளவில் ஜேபெக்காகத்தான் சேமிக்கும். ஃபோனில் பார்க்கப் போதும், பிரின்ட் போட்டு மாட்ட ஆசைப்படாதீர்கள்.

ஸ்விட்சிலிருந்து ஃபோனுக்கு அனுப்பும் வழி கொஞ்சம் வேடிக்கையானது, முதல் முறை எல்லோரும் குழம்புவார்கள்:

1. ஹோம் மெனுவில் 'ஆல்பம்' திறந்து படத்தைத் தேர்ந்தெடுங்கள்.
2. ஏ அழுத்தி, ஸ்மார்ட்ஃபோனுக்கு அனுப்பும் வழியைத் தேர்ந்தெடுங்கள். ஒரே தடவையில் 10 படம் வரை அனுப்பலாம்.
3. திரையில் ஒரு கியூஆர் கோடு வரும். ஃபோன் கேமராவால் அதைப் பிடித்தால் ஃபோன் ஸ்விட்சோடு வைஃபையில் இணையும்.
4. அடுத்து இன்னொரு கியூஆர் கோடு வரும். அதைப் பிடித்தால் பிரவுசரில் படங்கள் திறக்கும். படத்தின் மேல் விரலை அழுத்திப் பிடித்துச் சேமியுங்கள்.

மூன்றாவது படியில் 'இந்த வைஃபையில் இன்டர்நெட் இல்லை' என்று ஃபோன் எச்சரிக்கும். இருக்காதுதான், அது ஸ்விட்ச் தானே உண்டாக்கும் இணைப்பு. அதை விட்டு வெளியே வராமல் அடுத்த கோடைப் பிடியுங்கள்.

ஃபோனில்

ஆண்ட்ராய்டில் பவர் பட்டனும் வால்யூம் குறைக்கும் பட்டனும் சேர்த்து. ஐஃபோனில் பக்கவாட்டுப் பட்டனும் வால்யூம் கூட்டும் பட்டனும், ஹோம் பட்டன் உள்ள பழைய மாடல்களில் ஹோமும் பவரும். ஃபோனைப் படுக்கை வாட்டில் பிடித்து, இரண்டு கட்டைவிரலும் ஆட்டத்தில் இருக்கும்போது இதை அழுத்துவது சர்க்கஸ்தான். பல ஆண்ட்ராய்டு ஃபோன்களில் மூன்று விரலால் திரையைக் கீழே இழுத்தாலே படம் விழும். ஆனால் பிஜிஎம்ஐ, ஃப்ரீ ஃபயர் மாதிரி மூன்று நான்கு விரலால் ஆடும் கேம்களில் அதை ஆன் செய்து வைக்காதீர்கள். சண்டையின் நடுவில் தானாக எடுத்துத் தொலைக்கும்.

எடுக்கும் முன் 'டூ நாட் டிஸ்டர்ப்' போட்டுக்கொள்ளுங்கள். வெற்றித் திரைக்கு மேலே வங்கி ஓடிபி மெசேஜ் தெரியும் படத்தை குரூப்பில் போட வேண்டியதில்லை, அல்லவா?

அனுப்பும்போது

பாடுபட்டு எடுத்த படம் கெட்டுப்போவது இங்கேதான். வாட்ஸ்ஆப்பில் சாதாரணமாக போட்டோவாக அனுப்பினால் அது படத்தைச் சுருக்கிவிடும். வெண்பாவின் நோட்டில் இருக்கும் சின்ன எழுத்துகள் கரைந்துபோகும். எச்டி தேர்வு கொஞ்சம் பரவாயில்லை. அசலாகவே போக வேண்டுமென்றால் இணைப்புக் குறியைத் தட்டி, 'டாக்குமென்ட்' வழியாக அந்தப் படத்தைத் தேர்ந்தெடுங்கள். டெலிகிராமில் 'ஃபைல்' என்று அனுப்பினாலும் அப்படித்தான். கேம் ஆடுபவர்கள் பேசிக்கொள்ளும் டிஸ்கார்டில் பணம் கட்டாத கணக்குக்கு ஒரு ஃபைல் 10 எம்பிக்குள் இருக்க வேண்டும். 4கே பிஎன்ஜி படங்கள் சில அதைத் தாண்டும், அப்போது ஜேபெக்காக மாற்றி அனுப்புங்கள்.

அனுப்புவதற்கு முன் நான்கு மூலைகளையும் ஒருமுறை பாருங்கள். மற்றவர்களின் பெயர், சாட்டில் ஓடிய பேச்சு, கஸ்டம் ரூம் ஐடியும் பாஸ்வேர்டும், இன்னும் பயன்படுத்தாத ரிடீம் கோடு, எல்லாம் அங்கேதான் ஒளிந்திருக்கும். ஓரத்தில் இருந்தால் வெட்டிவிடலாம். நடுவில் இருந்தால் கெட்டியான ஒரு கட்டத்தால் மூடுங்கள். ஹைலைட்டர் பேனாவால் தேய்ப்பது போதாது. அது பாதி ஊடுருவும் நிறம், வெளிச்சத்தைக் கூட்டினால் அடியில் இருப்பதைப் படித்துவிடலாம்.

கதையுள்ள கேம் என்றால் இன்னொன்று. வெண்பாவில் இட்லித் தட்டுகளை எந்த வரிசையில் அடுக்குவது என்பதே ஒரு புதிர். அடுக்கி முடித்த படத்தைப் போட்டால் அடுத்தவருக்கு யோசிக்க ஒன்றும் மிஞ்சாது. ஸ்டீமில் படத்தை ஏற்றும்போது 'ஸ்பாய்லர்' (கதையை முன்கூட்டியே உடைப்பது) என்று டிக் செய்யும் கட்டம் இருக்கிறது, டிஸ்கார்டிலும் படத்தை அப்படிக் குறிக்கலாம். வாட்ஸ்ஆப் குரூப்பில் அந்த வசதி இல்லாததால், முதலில் ஒரு வரி எச்சரிக்கை போட்டுவிட்டு, அப்புறம் படத்தை அனுப்புங்கள்.