முக்திநாத் புறப்படும் முன்: அடையாள அட்டையில் செய்யக்கூடாத தவறுகள்

கிருஷ்ணகிரியிலும் தர்மபுரியிலும் கடந்த சில வருடங்களாக நேபாளத்தில் இருக்கும் முக்திநாத் யாத்திரைக்கு ஆட்களைக் கூட்டிப் போகிறவர்கள் அதிகமாகிவிட்டார்கள். சந்தோஷம்தான். சொந்தக்காரர்கள், பஜனை கோஷ்டி, தெருக்காரர்கள் என்று இருபது முப்பது பேரைச் சேர்த்துக்கொண்டு கிளம்புகிறார்கள். சாப்பாட்டுக்குச் சமையல்காரர், குளிருக்கு ஸ்வெட்டர், மூச்சுத் திணறினால் மாத்திரை என்று எல்லாம் பார்த்துப் பார்த்துச் செய்கிறார்கள். அடையாள அட்டை விஷயத்தில் மட்டும், இந்தத் தொழிலுக்குப் புதிதாக வந்த எல்லோரும் விழுந்த அதே பள்ளத்தில் ஒவ்வொருவராக விழுகிறார்கள். போன சீசனிலும் பார்த்தேன். அதனால்தான் எழுதுகிறேன்.

அட்டையை வீட்டிலேயே மறந்துவிட்டு வருவது, ஜெராக்ஸை மட்டும் கொண்டு வருவது போன்றவற்றைப் பற்றி நான் பேசப் போவதில்லை. அது எல்லோருக்கும் தெரியும். கையில் அட்டை இருந்தும் மாட்டிக்கொள்கிறார்களே, அதைப் பற்றித்தான் இது.

முதலில் அடிப்படை. நேபாளத்துக்குப் போக இந்தியர்களுக்கு விசா வேண்டாம், பாஸ்போர்ட் கட்டாயமும் இல்லை. 1950இல் இரு நாடுகளும் செய்துகொண்ட ஒப்பந்தம் முதல் அப்படித்தான். ஆனால் நீங்கள் இந்தியக் குடிமகன் என்பதற்கு ஆதாரம் வேண்டும். அதற்கு இரண்டு ஆவணங்கள்தான் எந்தக் கேள்வியும் இல்லாமல் செல்லும்: செல்லுபடியாகும் பாஸ்போர்ட் அல்லது தேர்தல் ஆணையம் கொடுத்த புகைப்பட வாக்காளர் அட்டை. இரண்டில் ஒன்று, அசலாக.

ஆதார் போதும் என்று நினைப்பது

எனக்கு இன்னும் ஆறாத கோபம் இந்த ஒரு தவறின் மேல்தான். கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

நம் ஊரிலிருந்து பெரும்பாலான குழுக்கள் பெங்களூரு போய் டெல்லிக்கு விமானம் ஏறி, அங்கிருந்து காத்மண்டு போகின்றன. பெங்களூரு விமான நிலைய வாசலில் காவலர் ஆதாரைப் பார்த்து உள்ளே விடுகிறார். டெல்லியில் இறங்குகிறோம். இதுவரை எல்லாம் ஆதாரிலேயே நடந்துவிட்டது. ரயிலில் கோரக்பூர் வழியாகப் போகிறவர்களுக்கும் இதே கதைதான், டிக்கெட் பரிசோதகர் ஆதாரைப் பார்த்துவிட்டுப் போய்விடுவார். அதனால் ஆதார் எங்கும் செல்லும் என்ற நம்பிக்கை வழியிலேயே கெட்டிப்பட்டுவிடுகிறது. அது உடைவது காத்மண்டு விமானத்தின் செக்-இன் கவுன்டரில்.

காரணம் எளிது. ஆதார் குடியுரிமைக்கான சான்று இல்லை என்று 2016ஆம் ஆண்டின் ஆதார் சட்டமே சொல்கிறது. இந்தியாவில் போதுமான நாள் தங்கியிருக்கும் வெளிநாட்டவரும் ஆதார் வாங்கலாம். வாக்காளர் பட்டியலில் குடிமக்கள் மட்டுமே சேர முடியும். எல்லையில் கேட்கப்படுவது உங்கள் முகமும் முகவரியும் மட்டும் இல்லை, நீங்கள் எந்த நாட்டுக் குடிமகன் என்பது.

இதில் ஒரு விதிவிலக்கு உண்டு, அதுதான் ஆளைக் கவிழ்க்கிறது. 15 வயதுக்குக் கீழ் உள்ளவர்களும் 65 வயதுக்கு மேல் உள்ளவர்களும் வயதையும் அடையாளத்தையும் காட்டும் வேறு புகைப்பட அட்டையை வைத்துப் போகலாம். பான் கார்டு, ஓட்டுநர் உரிமம் எல்லாம் முன்பே அதில் இருந்தன. 2019 ஜனவரியில் உள்துறை அமைச்சகம் ஆதாரையும் அந்த வரிசையில் ஏற்றது. செய்தி அன்று எல்லாப் பத்திரிகையிலும் வந்தது. ‘நேபாளத்துக்கு ஆதார் செல்லும்’ என்பது மட்டும் எல்லோர் மனதிலும் தங்கிவிட்டது, வயது வரம்பு தங்கவில்லை.

தங்கியவர்களுக்கும் அது 60 என்று தங்கியிருக்கிறது! நம் நாட்டில் மூத்த குடிமக்கள் என்றாலே 60தானே. வங்கி வட்டியில் 60, வருமான வரியில் 60. அதனால் அறுபதைத் தாண்டிய எல்லோரையும் ‘பெரியவங்க, ஆதார் போதும்’ என்று எழுதிக்கொள்கிறார்கள். முக்திநாத் வருகிறவர்களில் பணி ஓய்வு பெற்று 60க்கும் 65க்கும் நடுவில் இருப்பவர்கள்தான் நிறைய. சரியாக அந்த ஐந்து வருடத்தில்தான் மாட்டுகிறார்கள்.

பாலக்கோடு பக்கத்துத் தம்பதி ஒருவரை டெல்லியில் பார்த்தேன். அவர்கள் வந்தது வேறொரு குழுவில், நான் என் குழுவோடு அதே வரிசையில் நின்றிருந்தேன். ஐயாவுக்கு 68, அம்மாவுக்கு 62. இரண்டு பேரிடமும் ஆதார். ஐயாவை விட்டார்கள், அம்மாவை நிறுத்திவிட்டார்கள். “ஏம்பா, இதைக் காட்டித்தானே இங்க வரைக்கும் வந்தோம்?” என்று அந்த அம்மா கவுன்டர் பையனிடம் தமிழிலேயே கேட்டார்கள். அவனுக்குப் புரியவில்லை. நான் போய் இந்தியில் பேசிப் பார்த்தேன்.

குடும்பமாகப் போகிறவர்களுக்கு ஒரு சலுகை உண்டு. பெரியவர்களில் ஒருவரிடம் ஏற்கப்பட்ட ஆவணம் இருந்தால், மற்றவர்கள் புகைப்படமும் உறவும் தெரியும் வேறு சான்றைக் காட்டலாம். ரேஷன் கார்டும் அதில் சேரும். ஐயா உடனே பர்ஸிலிருந்து ஸ்மார்ட் கார்டை எடுத்தார். 2017இலிருந்து தமிழ்நாட்டில் கொடுக்கும் அந்த அட்டையில் குடும்பத் தலைவர் படம் மட்டும்தான் இருக்கும். இருந்தது ஐயாவின் முகம். அம்மாவின் பெயருக்குப் பக்கத்தில் முகம் இல்லை. கவுன்டரில் இருந்தவர் தலையை ஆட்டிவிட்டார். அவரைக் குறை சொல்லவும் முடியாது. அங்கே இறங்கியபின் ஒருவரைத் திருப்பி அனுப்பினால், கூட்டி வரும் பொறுப்பு விமான நிறுவனத்தின் தலையில் விழும்.

அந்த அம்மாவின் வாக்காளர் அட்டை பாலக்கோட்டில் பீரோவுக்குள் பத்திரமாக இருந்தது. கூரியரில் வரவழைக்க நாளாகும். குழு கிளம்பிவிட்டது. மனைவியை விட்டுவிட்டுப் போக ஐயாவுக்கு மனம் வரவில்லை. இரண்டு பேரும் திரும்பினார்கள். டிக்கெட் காசு, ஹோட்டல் முன்பணம், போக்கராவிலிருந்து முக்திநாத் பக்கத்து ஜோம்சோமுக்குப் போகும் சிறிய விமானத்துக்குக் கட்டியது எல்லாம் போனது. காசை விடுங்கள். 108 திவ்யதேசங்களில் மனிதர் காலால் போய்ப் பார்க்கக்கூடியவை 106. அவற்றில் இந்தியாவுக்கு வெளியே இருப்பது முக்திநாத் என்னும் சாளக்கிராமம் ஒன்றுதான். நம் ஊர்ப் பெரியவர்கள் பலருக்கு வாழ்நாளில் கடக்கப்போகும் ஒரே எல்லை இதுதான். மற்ற கோயில் எதற்கும் யாரும் அட்டை கேட்டதில்லை. அவர்களுக்கு இது தெரியாதது தவறே இல்லை.

தவறு கூட்டிப் போனவருடையது. அவர் வாட்ஸ்அப் குழுவில் அனுப்பிய செய்தியை ஐயா என்னிடம் காட்டினார். ‘டிக்கெட் போட அனைவரும் ஆதார் நகல் அனுப்பவும்.’ அவ்வளவுதான். ஆதாரைக் கேட்டு டிக்கெட் போட்டால், வருகிறவர்கள் ஆதாரைத்தான் எடுத்து வருவார்கள். புதிதாகத் தொடங்குகிறவர்களை நான் கெஞ்சிக் கேட்கிறேன்: முதல் செய்தியிலேயே ‘பாஸ்போர்ட் அல்லது வாக்காளர் அட்டை, இரண்டு பக்கமும் படம் எடுத்து அனுப்பவும்’ என்று போடுங்கள். முன்பணம் வாங்குவது அதற்கு அப்புறம். கிளம்பும் நாள், பேருந்து புறப்படும் முன், ஒவ்வொருவர் கையிலும் அதே அட்டை அசலாக இருக்கிறதா என்று கண்ணால் பாருங்கள். 65ஐத் தாண்டியவர்களிடமும் வாக்காளர் அட்டையையே கேளுங்கள். பழைய ஆதார் சிலவற்றில் பிறந்த வருடம் மட்டும்தான் அச்சாகியிருக்கும். 65 முடிந்துவிட்டதா இல்லையா என்று கவுன்டரில் நின்று வாதாட வேண்டாம்.

‘சோனௌலி எல்லையில் யாரும் கேட்பதில்லை’

கோரக்பூரிலிருந்து சாலை வழியாகப் போனவர்கள் சொல்வது இது. எல்லை வளைவைக் கடந்து ஆயிரக்கணக்கானவர்கள் தினமும் நடந்து போகிறார்கள், உண்மைதான். உங்களையும் நிறுத்தாமல் விடலாம். ஆனால் பயணம் அந்த வளைவோடு முடியவில்லை. ஹோட்டலில் கேட்பார்கள். ஜோம்சோம் விமானத்தில் இந்தியர்களுக்குத் தனிக் கட்டணம், அதற்கு நீங்கள் இந்தியர் என்று காட்ட வேண்டும். முக்திநாத் இருக்கும் அன்னபூர்ணா பாதுகாப்புப் பகுதிக்கு அனுமதிச் சீட்டு வாங்கும்போதும் அப்படியே: இந்தியா உள்ளிட்ட சார்க் (தெற்காசிய) நாட்டினருக்கு 1,000 நேபாள ரூபாய், மற்ற வெளிநாட்டவருக்கு 3,000. அப்புறம் யாருக்காவது உடம்பு முடியாமல் காத்மண்டுவிலிருந்து அவசரமாக விமானத்தில் திரும்ப வேண்டி வந்தால், அங்கே தரைவழிச் சலுகை எதுவும் கிடையாது. 1999 டிசம்பரில் காத்மண்டுவிலிருந்து கிளம்பிய இந்தியன் ஏர்லைன்ஸ் விமானம் கடத்தப்பட்டது நினைவிருக்கலாம். அதற்குப் பிறகு இந்த வழித்தடத்தில் அட்டை இல்லாமல் விமானம் ஏற முடியாது. 3,700 மீட்டருக்கு மேல் இருக்கும் கோயிலுக்கு வயதானவர்களைக் கூட்டிப் போகும்போது அவசரத் திரும்புதலையும் எண்ணியே கிளம்ப வேண்டும்.

மொபைலில் இருக்கிறது

செல்லாது. அசல் வேண்டும்.

பிள்ளைகளை மறந்துவிடுவது

15 வயதுக்குக் கீழ் பிரச்சினை குறைவு. 15இலிருந்து 18க்குள் இருக்கும் பிள்ளைகளுக்குத்தான் தடுமாறுகிறார்கள். ஆதார் செல்லாது, வாக்காளர் அட்டை வாங்க வயதில்லை. பாஸ்போர்ட் இல்லையென்றால், பள்ளித் தலைமை ஆசிரியர் அதற்கான படிவத்தில் கொடுக்கும் அடையாளச் சான்று வேண்டும். எல்லோரும் மே மாதம் கிளம்புகிறார்கள், பள்ளி பூட்டியிருக்கும். ஏப்ரல் தேர்வு முடிவதற்கு முன்பே வாங்கிவிடுங்கள்.

18 முடிந்த கல்லூரிப் பிள்ளைகள் இன்னும் சிக்கல். அவர்களுக்குப் பள்ளிச் சான்று பொருந்தாது, பலர் வாக்காளர் பட்டியலில் சேரவே இல்லை. தாத்தா பாட்டிக்குத் துணையாக வருகிற பேரன் கடைசியில் போக முடியாமல் நிற்கிறான். படிவம் 6 கொடுத்து, விசாரணை முடிந்து, அட்டை தபாலில் வந்து சேர வாரக்கணக்கில் ஆகும். பயணத்துக்கு மூன்று மாதம் முன்பே தொடங்கினால்தான் கைக்கு வரும்.

கல்யாணமாகிப் போன பெண்களின் அட்டை

அரூரிலோ பென்னாகரத்திலோ அம்மா வீட்டில் கிடக்கும், ஆள் ஓசூரில் இருப்பாள். முகவரி பழையது என்பதற்காக எல்லையில் திருப்ப மாட்டார்கள், போய் எடுத்து வந்தால் போதும். நேரம் இருந்தால் படிவம் 8 கொடுத்துப் புதிய முகவரிக்கு மாற்றிக்கொள்ளலாம். பயணத் தேதிக்குப் பக்கத்தில் அதைத் தொடங்கி, பழையதும் இல்லாமல் புதியதும் வராமல் நிற்க வேண்டாம்.

பெயர் பொருந்தாத டிக்கெட்

நம் இனிஷியல் பழக்கம் இதில் படுத்தும் பாடு கொஞ்சமில்லை. ஆதாரில் அப்பா பெயர் முழுதாக விரிந்திருக்கும், வாக்காளர் அட்டையில் ஒற்றை எழுத்தோடு நிற்கும் அல்லது இனிஷியலே இருக்காது. ஒன்றில் முனிசாமி, இன்னொன்றில் முனுசாமி. எந்த அட்டையைக் காட்டப் போகிறீர்களோ அதில் ஆங்கிலத்தில் இருக்கும் எழுத்துகளை அப்படியே பார்த்து டிக்கெட் போடுங்கள். பழைய லேமினேஷன் அட்டையில் முகம் மங்கி யாரென்றே தெரியாமல் போயிருந்தால், ஊரிலேயே மாற்றுஅட்டைக்கு விண்ணப்பித்துவிடுங்கள்.

இலங்கைக்கும் இதுதான் என்று நினைப்பது

இல்லை. இலங்கைக்குப் பாஸ்போர்ட் கட்டாயம், நாகப்பட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக்குக் கப்பலில் போனாலும். நேபாளம் வழியாகக் கைலாயம் போகிறவர்களுக்கும் பாஸ்போர்ட்தான்.

பூட்டான்

பாஸ்போர்ட் அல்லது வாக்காளர் அட்டை. பாஸ்போர்ட் என்றால் ஆறு மாதமாவது செல்லுபடி இருக்க வேண்டும். பிள்ளைகளுக்குப் பாஸ்போர்ட் இல்லையென்றால் பிறப்புச் சான்றிதழ், ஆங்கிலத்திலும் அச்சானதாக. ஆதாரை நம்பி பூட்டான் எல்லையில் இருக்கும் ஜெய்கான் வரை போய் நிற்காதீர்கள்.

பாஸ்போர்ட்டைத் தள்ளிப்போடுவது

வாக்காளர் அட்டை போதும் என்று நானே மேலே சொல்லியிருக்கிறேன். இருந்தாலும் என் குழுவில் வருகிற ஒவ்வொருவரிடமும் பாஸ்போர்ட் எடுக்கச் சொல்கிறேன். சாதாரணப் பாஸ்போர்ட்டுக்குக் கட்டணம் 1,500 ரூபாய், பெரியவர்களுக்குப் பத்து வருடம் செல்லும், 60ஐத் தாண்டியவர்கள் புதிதாக எடுத்தால் பத்து சதவீதம் தள்ளுபடியும் உண்டு. பெயர், வயது, குடியுரிமை மூன்றுக்கும் ஒரே புத்தகம் பதில் சொல்லிவிடும். அந்தப் பாலக்கோட்டு அம்மா இழந்த பணத்தில் ஒரு குடும்பத்துக்கே எடுத்திருக்கலாம்.

அங்கே போய்த் தொலைப்பது

அட்டையைக் கழுத்துப் பையில் வைக்கச் சொல்லுங்கள். முக்திநாத்தில் 108 நீர்த்தாரைகளில் குளிக்கும்போது துணியோடு சேர்த்து எங்காவது வைத்துவிட்டு மறப்பவர்கள் உண்டு, அந்த நேரத்துக்கு ஒருவரைக் காவலுக்கு உட்கார வையுங்கள். தொலைந்தே போனால் முதலில் உள்ளூர்க் காவல் நிலையத்தில் எழுதிக் கொடுத்து அதன் நகலை வாங்க வேண்டும். பிறகு காத்மண்டு லைன்சவுரில் உள்ள இந்தியத் தூதரகம். ஊர் திரும்புவதற்கு மட்டும் செல்லும் அவசரச் சான்று அங்கே தருவார்கள். அதற்கு நீங்கள் இந்தியர் என்பதற்கு ஏதாவது காட்ட வேண்டியிருக்கும், அங்கேதான் ஜெராக்ஸ் உதவும். எல்லோருடைய அட்டைக்கும் இரண்டு நகல், ஆளுக்கு நான்கு பாஸ்போர்ட் அளவுப் படம் எடுத்து, ஒரு செட்டைக் குழுவைக் கூட்டிப் போகிறவர் பையிலும் இன்னொன்றை ஊரில் யாராவது ஒருவர் வீட்டிலும் வைத்துவிட்டுக் கிளம்புங்கள்.