லவ் பேர்ட்ஸ் குஞ்சு பெரிதாகும்போது என்னென்ன மாறும்? முதன்முறை வளர்ப்பவர்களுக்கு ஒரு செய்முறை

போன வருஷம் ராமநாதபுரத்தில் ஒரு கடையில் இரண்டு லவ் பேர்ட்ஸ் குஞ்சுகளை வாங்கி, ஓட்டை போட்ட அட்டைப்பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு மண்டபத்துக்குப் பஸ் ஏறினேன். ஒன்று பச்சை, ஒன்று நீலம். "ஜோடி தம்பி, மூணு மாசத்துல முட்டை வச்சிரும்" என்று சொல்லி அனுப்பினார் கடைக்காரர். நானும் நம்பி, பக்கத்தில் ஓட்டை வைத்த மண்பானை ஒன்றைக் கூண்டுக்குள் கட்டித் தொங்கவிட்டேன். பச்சைக்குக் கடுகு என்றும் நீலத்துக்கு மல்லி என்றும் பெயர் வைத்தாயிற்று.

மூன்று மாதத்தில் முட்டை வரவில்லை, வேறு என்னென்னவோ வந்தது. நெற்றியில் இருந்த கோடுகள் காணாமல் போயின. தலையெல்லாம் முள் முளைத்தது. கையில் உட்கார்ந்து தினை தின்ற பறவை ஒருநாள் விரலைக் கடித்து வைத்தது. ஒவ்வொன்றையும் நோய் என்றே நினைத்துப் பயந்தேன். பெரும்பாலும் அது வெறும் வளர்ச்சிதான். எது வளர்ச்சி, எது நோய் என்று பிரித்துப் பார்க்கத் தெரிந்தால் போதும், பாதிக் கவலை தீர்ந்துவிடும்.

தொடங்கும் முன் பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். நம் பக்கம் லவ் பேர்ட்ஸ் என்று விற்கிற நீள வால் பறவை உண்மையில் பட்ஜி. அது ஆஸ்திரேலியாவின் வறண்ட புல்வெளிகளில் கூட்டம் கூட்டமாகத் திரியும் சின்னக் கிளி. 1840இல் ஜான் கூல்ட் என்ற பறவையியலாளர் அதை இங்கிலாந்துக்குக் கொண்டுபோனார், அங்கிருந்து உலகமெல்லாம் பரவியது. நிஜ லவ் பேர்ட் ஆப்பிரிக்காவின் குட்டை வால் கிளி, அது வேறு. நம்மூர் மொட்டைப் பனைப் பொந்தில் குஞ்சு பொரிக்கிற பச்சைக்கிளி இந்தக் கணக்கிலேயே வராது. 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி அதைப் பிடிப்பதும் விற்பதும் கூண்டில் வளர்ப்பதும் குற்றம். பனை வெட்டும்போது குஞ்சு கிடைத்தது என்று யாராவது கொண்டுவந்து நீட்டினாலும் வாங்காதீர்கள்.

படி 1: வாங்கும்போதே வயதைப் பாருங்கள்

முட்டை பொரிய ஏறக்குறைய 18 நாள். பொரித்த குஞ்சுக்கு இறகும் இருக்காது, கண்ணும் திறந்திருக்காது. 30 முதல் 35 நாளில் பானையை விட்டு வெளியே வரும். வந்த பிறகும் ஒரு வாரம், பத்து நாள் தகப்பன்தான் பெரும்பாலும் ஊட்டிவிடும். அதனால் ஆறு வாரத்துக்குக் குறைந்த குஞ்சை வாங்க வேண்டாம். எட்டு வாரம் என்றால் இன்னும் நல்லது.

வயதை நெற்றி சொல்லும். குஞ்சுக்கு மூக்கை ஒட்டிய இடத்திலிருந்தே கறுப்புக் கோடுகள் தொடங்கி, பின்னந்தலை வரை வரிவரியாக ஓடும். கண் முழுக்கக் கறுப்பாக, மிளகு பதித்ததுபோல இருக்கும். இளங்குஞ்சாக இருந்தால் மேல் அலகில் கருமைகூட மிச்சம் இருக்கும்.

கடையில் ஐந்து நிமிடம் நின்று, அது தானாகத் தினையை உரித்துத் தின்கிறதா என்று பாருங்கள். வீட்டுக்கு வந்த பிறகும் இதில் ஒரு ஏமாற்று உண்டு. பட்ஜி உமியை உரித்துத் தட்டிலேயே போட்டுவிடும். தூரத்திலிருந்து பார்த்தால் தட்டு நிறைந்தே இருக்கும், ஆனால் இருப்பதெல்லாம் உமி. தினமும் காலையில் தட்டை எடுத்து வாயால் ஊதிப் பாருங்கள். முதல் வாரம் இது தெரியாமல் என் குஞ்சுகளை அரை நாள் பட்டினி போட்டிருக்கிறேன்.

படி 2: ஞாயிற்றுக்கிழமை ஒரு போட்டோ

ஒரே இடம், ஒரே நேரம், பகல் வெளிச்சம். முகத்துக்கு நேரே ஒன்று, பக்கவாட்டில் ஒன்று. டியூப் லைட்டில் எடுத்தால் மூக்கின் நிறம் பொய் சொல்லும். அவ்வளவுதான்.

படி 3: மூக்கை வைத்து ஆணா பெண்ணா

அலகுக்கு மேலே, மூக்குத் துளைகளைச் சுற்றி மெழுகு பூசியதுபோல ஒரு சதைப் பகுதி இருக்கும். பேச்சில் அதைத்தான் மூக்கு என்கிறோம்.

ஆண் குஞ்சுக்கு அது முழுக்க ஒரே நிறமாக, ரோஸ் கலந்த ஊதாவாக இருக்கும். பெண் குஞ்சுக்கு வெளிறிய நீலமோ வெள்ளையோ இருக்கும். கூர்ந்து பார்த்தால் துளைகளைச் சுற்றி வெள்ளை வளையம் தெரியும். புதிதாக வளர்ப்பவர்கள் தடுக்கி விழுவது இங்கேதான். வெளிர் நீலத்தைப் பார்த்ததும் "நீலம்தானே, ஆண்" என்று முடிவு கட்டிவிடுவார்கள். அந்த வெள்ளை வளையம் இருந்தால் பெண் என்றே எடுத்துக்கொள்ளுங்கள்.

ஐந்தாறு மாதம் ஆகும்போது குழப்பம் குறையும். ஆணின் மூக்கு அடர் நீலமாகும். பெண்ணின் மூக்கு பழுப்பாகும், முட்டை வைக்கும் பருவத்தில் தடித்துச் சொரசொரப்பாகி, மேல் அடுக்கு காய்ந்து தானே உதிரும். அதைச் சொறி என்று நினைத்து நகத்தால் பெயர்க்கக் கூடாது. கண் சிவந்த முழு மஞ்சள், முழு வெள்ளைப் பறவைகளுக்கு இந்தக் கணக்கு பொருந்தாது. அவற்றில் ஆணுக்கு வளர்ந்த பிறகும் ரோஸ் ஊதாவே நிற்கும்.

ஒன்றை மட்டும் மறக்காதீர்கள். வளர்ந்த ஆணின் நீல மூக்கு பழுப்பாக மாறத் தொடங்கினால் அது வளர்ச்சி அல்ல. விந்தகத்தில் கட்டி இருந்தால் அப்படி மாறும், கால்நடை மருத்துவரிடம் கொண்டுபோக வேண்டும்.

என் கதைக்கு வருகிறேன். முதல் ஞாயிற்றுக்கிழமை எடுத்த போட்டோவிலேயே இரண்டு மூக்கும் ஒரே மாதிரி ரோஸ் ஊதா. ஆறாம் மாதம் இரண்டும் நீலம். "ஜோடி" என்று வந்தது இரண்டு ஆண்.

படி 4: முதல் இறகு உதிர்ப்பு

மூன்று, நான்கு மாதத்தில் குஞ்சு இறகு கொட்டிப் புது இறகு முளைக்கும். நெற்றிக் கோடுகள் மறைவது இப்போதுதான். பச்சைப் பறவைக்கு நெற்றி மஞ்சளாகும், நீலத்துக்கு வெள்ளையாகும். தாடைக்குக் கீழே உள்ள கறுப்புப் பொட்டுகளும் பெரிதாகித் தெளிவாகும்.

பார்க்கத்தான் பரிதாபமாக இருக்கும். புது இறகு ஒவ்வொன்றும் வெள்ளை உறைக்குள் சுருண்டு, முள்போல நீட்டிக்கொண்டு வரும். கடுகின் தலையைப் பார்த்துவிட்டு அப்பத்தா, "ஏலேய், இதுக்கு அம்மை போட்டிருக்குடா, வேப்பிலையைக் கட்டு" என்றது. கட்டினேன். இரண்டும் வேப்பிலையைக் கிழித்து விளையாடியதைத் தவிர வேறொன்றும் நடக்கவில்லை. இரண்டு வாரத்தில் முள் ஒவ்வொன்றாக வெடித்து, வெள்ளைத் தூள் உதிர்ந்து, உள்ளே மடங்கியிருந்த இறகு விரிந்தது.

இந்தச் சமயத்தில் தூக்கம் கூடும், சத்தம் குறையும். முள்ளுக்குள் ரத்தம் ஓடுவதால் தொட்டால் வலிக்கும், கையில் எடுத்துக் கொஞ்சுவதைக் கொஞ்ச நாள் நிறுத்தி வையுங்கள். அவித்த முட்டை ஒரு துணுக்கு, முளைகட்டிய பாசிப்பயறு நாலு, வாரம் இரண்டு மூன்று தடவை கொடுங்கள். இறகு முளைக்கப் புரதம் வேண்டும். ஒரு தட்டில் விரல் கணு அளவுக்குத் தண்ணீர் வைத்தால் குளித்துக்கொள்ளும். பெரிய முள் ஒடிந்து ரத்தம் வந்தால் கார்ன் மாவை வைத்துச் சுத்தமான துணியால் மெதுவாக அழுத்திப் பிடியுங்கள். நிற்காவிட்டால் மருத்துவர்தான்.

தோல் தெரிய வழுக்கை விழுந்தாலோ, உடம்பை உப்பிக்கொண்டு கூண்டுத் தரையிலேயே உட்கார்ந்திருந்தாலோ, அது இறகு உதிர்ப்பு அல்ல.

படி 5: கண்

நான்காம் மாதத்துக்கு மேல் கறுப்புக் கண்ணில் சாம்பல் நிறத்தில் மெல்லிய வளையம் தெரியும். எட்டு மாதத்துக்குள் அது வெளுத்துத் தெளிவாகிவிடும்.

படி 6: குணம் மாறும்போது கோபப்படாதீர்கள்

நான்கு முதல் எட்டு மாதம் வரை விடலைப் பருவம். மல்லி ஒருநாள் தண்ணீர் மாற்றப்போன விரலைக் கவ்விப் பிடித்தது. வெடுக்கென்று கையை இழுத்தேன். அதுதான் தப்பு. கடித்தால் கை போய்விடும் என்று பறவை கற்றுக்கொள்ளும். கையை அசைக்காமல் வைத்திருந்து, அது விட்டதும் மெதுவாக எடுங்கள். மறுநாள் தினைக் கதிரோடு போய், இரண்டு நிமிடம் மட்டும் உட்காரவைத்துத் திரும்பி வந்துவிடுங்கள். கத்தாதீர்கள், அதற்கு அது விளையாட்டு.

ஆண் என்றால் தலையை மேலும் கீழும் ஆட்டிக்கொண்டு, கண்ணாடிக்கோ மணிக்கோ இரையைக் கக்கி ஊட்டப்பார்க்கும். அது வாந்தி அல்ல, காதல். அளவு மீறினால் கண்ணாடியை எடுத்துவிடுங்கள். தலையைச் சிலுப்பி நாலா பக்கமும் தெறிக்கவிட்டு, முக இறகு நனைந்து ஒட்டியிருந்தால்தான் நோய். பெண் என்றால் பேப்பர், மரம், அகப்பட்டதையெல்லாம் கரம்பும், இருட்டு மூலை தேடும்.

ஆண் பட்ஜிக்குப் பேச்சுப் பழக்கவும் இந்தப் பருவம் நல்லது. பக் என்ற ஆண் பட்ஜி 1728 சொற்களோடு கின்னஸில் இருக்கிறது. கடுகுக்குத் தெரிந்தது "வாடா" மட்டும்.

படி 7: கடற்கரைக்காரர்கள் கவனிக்க வேண்டியவை

வளரும் எலும்புக்கும், பெண்ணுக்குப் பின்னால் முட்டை ஓட்டுக்கும் சுண்ணாம்புச் சத்து வேண்டும். கடையில் காசு கொடுத்து வாங்குகிற கணவாய் ஓடு நமக்கு மீன் மார்க்கெட்டில் சும்மா கிடைக்கும். கணவாய் அரிகிற அக்காவிடம் கேட்டால், "ஓட்டை வச்சு என்ன தம்பி பண்ணப்போற?" என்று சிரித்துக்கொண்டே நாலைந்து தருவார். சதையும் மையும் போகக் கழுவி, நல்ல தண்ணீரில் நான்கு நாள் ஊறவையுங்கள், தினமும் தண்ணீரை மாற்றுங்கள். அப்புறம் பத்து நிமிடம் கொதிக்கவைத்து, கவிச்சி வாடை அறவே போகும்வரை மொட்டைமாடி வெயிலில் காயப்போடுங்கள். மென்மையான பக்கம் பறவையைப் பார்க்கும்படி கூண்டில் கட்டிவிட்டால் மாதக்கணக்கில் வரும். இதற்காக மன்னார் வளைகுடாத் தேசியப் பூங்காத் தீவுகளுக்குப் போய் எதையும் அள்ளி வராதீர்கள், அனுமதி கிடையாது.

போர் தண்ணீர் உப்பாக இருந்தால் குடிக்க வைக்காதீர்கள், வீட்டில் நாம் குடிக்கிற தண்ணீரையே வையுங்கள். உப்புக்காற்றில் மலிவான கம்பிக் கூண்டு சீக்கிரமே துரு ஏறி, பூச்சு உரியும். வளரும் குஞ்சு எல்லாவற்றையும் அலகால் கரம்பிப் பார்க்கும். உரிந்த துத்தநாகப் பூச்சு விஷம். பூச்சு உரிந்தால் கூண்டை மாற்றிவிடுங்கள். ஆடிக் கச்சான் காற்று அடிக்கும்போது கூண்டை வாசலில் வைக்காமல் ஒரு பக்கம் சுவர் மறைக்கிற இடத்துக்கு நகர்த்துங்கள். நான்ஸ்டிக் சட்டி காய்ந்து புகைந்தால் அந்தப் புகையே பறவையைக் கொன்றுவிடும், அடுப்படிப் பக்கம் கூண்டு வேண்டாம்.

படி 8: பானையை எப்போது கட்டலாம்?

நிஜமான ஜோடி என்றாலும் ஒரு வயதுக்கு முன் வேண்டாம். ஐந்தாறு மாதத்திலேயே முட்டை வைக்க முடியும்தான், ஆனால் சின்னப் பெண்ணுக்கு முட்டை உள்ளேயே சிக்கிக்கொள்ளும் ஆபத்து அதிகம். பானை இருந்தால்தான் பெண்ணுக்கு அந்த எண்ணமே வேகம் பிடிக்கும், அதனால் வயது வரும்வரை பானையைக் கண்ணில் காட்டாதீர்கள்.

இரண்டு ஆண் வைத்திருப்பவர்கள் வருத்தப்பட ஒன்றுமில்லை. பொதுவாக இரண்டு பெண்ணைவிட இரண்டு ஆண் சண்டையில்லாமல் இருக்கும். கடுகும் மல்லியும் ஒன்றின் தலையை மற்றது கோதிவிட்டுக்கொண்டு சாயங்காலம் முழுக்கக் கத்தித் தீர்க்கின்றன. "இன்னும் முட்டை வைக்கலையா?" என்று பக்கத்து வீட்டில் கேட்பதுதான் நிற்கவில்லை. பானையைக் கழற்றி வந்து திண்ணையில் வைத்திருந்தேன். அப்பத்தா அதன் வாயைப் பெரிதாக உடைத்து, மண் போட்டுக் கொத்தமல்லி விதைத்திருக்கிறது. முளைத்ததைக் கிள்ளித் தினமும் கூண்டுக்குள் போடுகிறேன்.