ஆவணப்பட கேமராமேன் ஆகணுமா? மாட்டுத்தாவணிக்குப் போங்கள்

"எந்த கேமராண்ணே வாங்கலாம்?" இதைத்தான் எல்லோரும் முதலில் கேட்கிறார்கள். கையில் இருப்பதே போதும். 35 எம்.எம். அல்லது 50 எம்.எம்., ஜூம் ஆகாத ஒரே ஒரு பிரைம் லென்ஸ் மட்டும் வாங்குங்கள். ஜூம் இருந்தால் நின்ற இடத்திலிருந்தே முகத்தை இழுத்துவிடத் தோன்றும். பிரைம் மாட்டினால் ஆளுக்குப் பக்கத்தில் போயே ஆகணும், பக்கத்தில் போக அவரோடு பழகணும். பின்னாளில் உங்கள் ஸ்டைல் என்று மற்றவர்கள் சொல்லப்போவது பெரும்பாலும் இந்தத் தூரத்தைத்தான்.

விடியுமுன் மதுரை மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டுக்குப் போங்கள். முதல் ரெண்டு நாள் கேமரா பைக்குள்ளேயே இருக்கட்டும், டீ குடியுங்கள், பேச்சுக் கொடுங்கள். மூன்றாம் நாள் பூ கட்டும் அக்காவே "என்ன தம்பி, இன்னைக்கும் சும்மாதான் நிக்கிறியா?" என்பார். எடுக்கலாமா என்று அப்போது கேளுங்கள்.

முகத்தில் ஆரம்பிக்க வேண்டாம். கையை எடுங்கள். இந்தப் பக்கம் ரெண்டு மொட்டு, அந்தப் பக்கம் ரெண்டு மொட்டு, நாரில் ஒரு சுற்று, ஒரு முடிச்சு. கண் வேறெங்கோ இருக்கும், வாய் பக்கத்துக் கடையோடு சண்டை போட்டுக்கொண்டிருக்கும், கை அது பாட்டுக்குப் போகும். யாராவது விலையை அடித்துக் கேட்டால் மட்டும் அந்தக் கை சட்டென்று நிற்கும். உங்களுக்கு வேண்டியது அந்த நிறுத்தம், அதுவரை கட் பண்ணாதீர்கள். நான் முதல் வருஷம் எடுத்ததெல்லாம் நாலு நாலு செகண்ட் துண்டு, எடிட்டிங்கில் ஒன்றோடொன்று ஒட்டவே இல்லை.

அங்கே இருட்டில் டியூப்லைட், எல்.இ.டி. வெளிச்சம்தான். நம் ஊர் கரண்ட் 50 ஹெர்ட்ஸ் என்பதால் செகண்டுக்கு 25 ஃபிரேமும் 1/50 செகண்ட் ஷட்டரும் வையுங்கள், 1/60 வைத்தால் படத்தில் பட்டை ஓடலாம். வெள்ளையை வெள்ளையாகக் காட்டும் ஒயிட் பேலன்ஸை ஆட்டோவில் விட்டால் ஷாட் நடுவிலேயே வெள்ளைப் பூ மஞ்சளாகும், நீலமாகும், பூட்டிவிடுங்கள். ஐ.எஸ்.ஓ.வை, அதாவது கேமரா வெளிச்சத்தை உணரும் அளவை, ஏற்றி படத்தில் புள்ளி புள்ளியாக கிரெயின் வந்தாலும் பரவாயில்லை, மூஞ்சிக்கு நேராக லைட் மட்டும் அடிக்காதீர்கள். வெயில் ஏறியதும் ஷட்டரைத் தொடாமல், வெளிச்சத்தைக் குறைக்கும் என்.டி. ஃபில்டரை லென்ஸில் மாட்டுங்கள். கிளம்பும் முன் மார்க்கெட் சத்தத்தைத் தனியாக ஒரு நிமிஷம் பதியுங்கள்.

சித்திரைத் திருவிழாவா? அழகர் ஆற்றில் இறங்குவதை எடுக்க ஆயிரம் செல்போன் இருக்கிறது. நீங்கள் திரும்பி நின்று, பார்க்கிற முகங்களை எடுங்கள். லென்ஸுக்குக் கவர் முக்கியம், தோல் பையில் தண்ணீர் பீய்ச்சுகிறவர்கள் கேமரா என்றெல்லாம் பார்க்க மாட்டார்கள்.

சரி, காசு? ஆரம்பத்தில் இதில் வராது. படிப்பாகப் படிக்க சென்னை தரமணியிலும் புனேயிலும் அரசுத் திரைப்படக் கல்லூரிகள் இருக்கின்றன. கைச்செலவுக்குக் கல்யாணம் எடுங்கள், வெட்கமே வேண்டாம். தாலியை இன்னொரு தடவை கட்டச் சொல்ல முடியாது இல்லையா, அந்தப் பதற்றத்தில் ஃபோகஸ் பிடித்த கை ஆவணப்படத்துக்கு அப்படியே உதவும். கிடைக்கிற நேரத்தில் ஒரே ஆளைப் பற்றி மூணு நிமிஷப் படம் ஒன்று முடித்து, டைரக்டர்களிடம் அதைக் காட்டி வேலை கேளுங்கள்.

அதற்கு முன்னால் படத்தில் இருப்பவரிடம் காட்டுங்கள். நான் காட்டியபோது அக்கா தன் முகத்தைப் பார்க்கவே இல்லை. ஸ்கிரீனில் 'மதுரை மல்லி' என்று பெருமையாகப் போட்டிருந்தேன். அதைப் படித்துவிட்டு, "தம்பி, அது முல்லை" என்றார்.