சுயேச்சையாக நிற்கும் விவசாயியின் வேட்புமனு: எங்கெங்கே சிக்கும்?

1996 சட்டமன்றத் தேர்தலில் ஈரோடு மாவட்டம் மொடக்குறிச்சியில் 1,033 பேர் போட்டியிட்டார்கள். விவசாயிகளின் குறை காதில் விழட்டும் என்று குவித்த மனுக்கள். வாக்குச்சீட்டையே புத்தகம்போல அச்சடிக்க வேண்டியதாயிற்று. அப்போது டெபாசிட் 250 ரூபாய். அதே ஆண்டு சட்டம் இறுகியது. இன்று 10,000 ரூபாய். பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கு 5,000. கட்சிக்காரருக்கு ஒரு முன்மொழிபவர் போதும் (கட்சி அங்கீகாரம் பெற்றதாக இருந்தால்), சுயேச்சைக்குப் பத்துப் பேர் வேண்டும்.

அந்தப் பத்தும் நீங்கள் நிற்கும் தொகுதியின் வாக்காளர்களாக இருக்க வேண்டும். தொகுதி எல்லையோரக் கிராமங்களில் இங்கேதான் இடறும்: ஒருவர் பக்கத்துத் தொகுதிக்காரர் என்றால் மற்ற ஒன்பது கையெழுத்தும் வீண். பாகம் எண்ணையும் வரிசை எண்ணையும் கடைசியாக வெளியான வாக்காளர் பட்டியலைப் பார்த்தே எழுதுங்கள். கைநாட்டு வைப்பவரை நேரில் அழைத்துப் போக வேண்டும். தேர்தல் நடத்தும் அலுவலர் அல்லது அதற்கென நியமித்த அதிகாரி முன்னால் வைத்தால்தான் செல்லும். ஒரே டெபாசிட்டில் நான்கு மனு வரை கொடுக்கலாம். இரண்டாவது மனுவுக்கு வேறு பத்துப் பேரைப் பிடிப்பது புத்திசாலித்தனம்.

உங்களுக்கு 25 வயது நிறைந்திருக்க வேண்டும். உங்கள் ஓட்டு மாநிலத்தின் வேறு தொகுதியில் இருந்தால் அந்தப் பட்டியலின் சான்றிட்ட நகலை இணையுங்கள்.

அதிக நேரம் பிடிப்பது படிவம் 26, அதாவது சொத்து, கடன், வழக்கு பற்றிய பிரமாணப் பத்திரம். நிலத்துக்குச் சர்வே எண்ணும் பரப்பும் வேண்டும். படிவம் ஏக்கரில் கேட்கும், சிட்டாவோ ஹெக்டேரில் இருக்கும். 0.81 ஹெக்டேர் என்றால் 2 ஏக்கர், அப்படியே 0.81 என்று எழுதினால் பாதிக்கு மேல் நிலம் காணாமல் போய்விடும். கூட்டுப் பட்டாவில் உங்கள் பங்கை மட்டும் காட்டுங்கள். பூர்வீகமா, வாங்கியதா என்பதையும் இன்றைய சந்தை மதிப்பையும் எழுத வேண்டும். டிராக்டர் அசையும் சொத்தில் வரும். அடகில் இருக்கும் நகையும் சொத்துதான். அதன்மேல் வாங்கிய கடன், கூட்டுறவுச் சங்கப் பயிர்க்கடன் இரண்டும் கடன் பகுதியில். மனைவி அல்லது கணவர் பெயரில் உள்ளதையும் சேர்க்க வேண்டும்.

சாலை மறியலில் போட்ட பழைய வழக்கு நிலுவையில் இருந்தால் மறைக்காதீர்கள். அதை நாளிதழிலும் தொலைக்காட்சியிலும் மூன்று முறை விளம்பரமாகவும் வெளியிட வேண்டும்.

எந்தக் கட்டத்தையும் காலியாக விடக் கூடாது. ‘இல்லை’ அல்லது ‘பொருந்தாது’ என்று எழுதுங்கள். காலியாக விட்டால் அலுவலர் நோட்டீஸ் தருவார். அதன் பிறகும் நிரப்பாவிட்டால் மனு தள்ளுபடிதான்.

மனு தருவதற்கு ஒரு நாள் முன்னதாகவாவது தேர்தல் செலவுக்கெனத் தனி வங்கிக் கணக்குத் தொடங்கியிருக்க வேண்டும். கடைசி நாள் பிற்பகல் 3 மணிக்குமேல் எதுவும் ஏற்கப்படாது. பலர் மறப்பது, அரசியலமைப்புச் சட்டத்துக்கு விசுவாசமாக இருப்பேன் என்று வேட்பாளர் எடுக்கும் உறுதிமொழியை: மனு கொடுத்த பிறகு, பரிசீலனைக்கு முந்தைய நாளுக்குள் அதை எடுத்தாக வேண்டும். பரிசீலனை அன்று எடுத்தால் செல்லாது.

செலவு உச்சவரம்பு 40 லட்சம். பந்தல்காரர், டீக்கடை வரை ரசீது வாங்கி வையுங்கள். தோற்றாலும் முடிவு வந்த 30 நாளுக்குள் மாவட்டத் தேர்தல் அதிகாரியிடம் கணக்குக் கொடுத்தாக வேண்டும். கொடுக்காதவரை மூன்று ஆண்டு வரை போட்டியிட விடாமல் தகுதிநீக்கம் செய்யலாம். டெபாசிட் திரும்ப வேண்டுமென்றால் செல்லத்தக்க வாக்கில் ஆறில் ஒரு பங்குக்கு மேல் வாங்க வேண்டும்: செல்லத்தக்க வாக்கு 1,80,000 பதிவான தொகுதியில் 30,001.