கழிவுநீரைப் புதுநீராக்கும் ஆலை: புதிதாகச் சேரும் தொழில்நுட்பருக்கு ஒரு வழிகாட்டி

சிங்கப்பூரில் கழிவுநீரைச் சுத்திகரித்துப் பெறும் நீரான ‘புதுநீர்’ (NEWater) ஆலையில் பணிக்குச் சேர்வோர் பலர், நீரை அழுத்தத்தால் மிக நுண்ணிய சவ்வின் வழியே செலுத்தி உப்பையும் மாசையும் பிரிக்கும் எதிர்ச் சவ்வூடு பரவல் சாதனமே எல்லாவற்றையும் பார்த்துக்கொள்ளும் என்று எண்ணுவதுண்டு. உண்மையில், சவ்வுக்கு முன்னே நடக்கும் வேலைதான் அதன் ஆயுளையும் நீரின் தரத்தையும் முடிவு செய்கிறது. 1974இல் ஜூரோங்கில் தொடங்கிய சோதனை ஆலை செலவாலும், அக்காலச் சவ்வுகள் நம்பத்தக்கவையாக இல்லாததாலும் அடுத்த ஆண்டே மூடப்பட்டது. சவ்வுகள் மேம்பட்ட பிறகே, 2000இல் பிடோக்கில் செயல்விளக்க ஆலை எழுந்தது. 2003இல் புதுநீர் பொதுப் பயன்பாட்டுக்கு வந்தது.

ஆகவே, ஆலைக்குள் வருவது என்ன என்பதை முதலில் கவனிக்க வேண்டும். சிங்கப்பூரில் மழைநீர் வடிகாலும் கழிவுநீர்க் குழாயும் தனித்தனியாக இருப்பது பெரிய வசதி. கிராஞ்சியிலிருந்து சாங்கி வரை 48 கிலோமீட்டர் நீளும் ஆழ்சுரங்கக் குழாயில் கழிவுநீர் புவியீர்ப்பு விசையாலேயே வந்து சேர்கிறது. ஆனால் தொழிற்சாலைகள் விடும் கரைப்பான்கள் குறித்து விழிப்பு வேண்டும். மின்னூட்டமற்ற சில சிறு மூலக்கூறுகள் சவ்வையும் கடந்துவிடக் கூடியவை. அவற்றை ஊற்றுக்கண்ணிலேயே தடுப்பதுதான் மலிவான வழி.

குப்பை, மணல், படியும் திடப்பொருள் ஆகியவற்றை அகற்றிய பிறகு நீர் நுண்ணுயிர்த் தொட்டிக்குச் செல்கிறது. காற்றுள்ள பகுதியில் கரைந்த ஆக்சிஜனை லிட்டருக்கு 2 மில்லிகிராம் அளவில் வைத்தால் நுண்ணுயிர்கள் அம்மோனியாவை நைட்ரேட்டாக மாற்றும்; ஆக்சிஜனற்ற பகுதியில் அந்த நைட்ரேட் நைட்ரஜன் வாயுவாகி வெளியேறும். பிரிந்த கசட்டைச் செரிமானக் கலனுக்கு அனுப்பினால் எரிவாயு கிடைக்கும்.

அடுத்து, எஞ்சிய நுண்துகள்களைப் பிரிக்கும் நுண்வடிகட்டல். இதிலுள்ள உள்ளீடற்ற இழைகளாலான சவ்வில் ஓர் இழை அறுந்தாலும் கண்ணுக்குத் தெரியாது என்பதால், காற்றழுத்தம் கொடுத்து அது எவ்வளவு வேகமாகக் குறைகிறது என்று பார்க்கும் சோதனையை நாள்தோறும் தவறாமல் செய்ய வேண்டும். சவ்வில் பாசிபோல் உயிர்ப்படலம் வளர்வதைத் தடுக்கக் குளோரமைன் (குளோரினும் அம்மோனியாவும் சேர்ந்து உருவாவது) தேவை. ஆனால் அம்மோனியாவுடன் சேராத தனிக் குளோரின், எதிர்ச் சவ்வூடு பரவலில் பயன்படும் பாலிஅமைடு சவ்வை அரித்துவிடும். அம்மோனியா நன்றாக அகன்ற நீரில் வெறும் குளோரினை மட்டும் சேர்ப்பது, காவலுக்குத் திருடனை வைப்பதற்கு ஒப்பாகும். உரிய விகிதத்தில் அம்மோனியம் சேர்த்துவிட்டு, எஞ்சிய குளோரினின் அளவைச் சரிபார்த்த பிறகே அந்த நீரை எதிர்ச் சவ்வூடு பரவலுக்கு அனுப்ப வேண்டும்.

அங்கே உள்ளே செல்லும் நீரில் ஏறத்தாழ நான்கில் மூன்று பங்கு நன்னீராக வெளிவரும். மீதமுள்ள செறிவுநீரில் கால்சியம் பாஸ்பேட்டும் சிலிக்காவும் படியாமலிருக்கப் படிவுத்தடுப்பு மருந்து சேர்க்கப்படுகிறது. வெப்பநிலை, அழுத்தம் ஆகியவற்றின் மாற்றத்தைக் கணக்கில் கழித்துப் பார்த்தும் நன்னீரின் அளவு 10 விழுக்காடு குறைந்திருந்தால் உடனே சவ்வைக் கழுவ வேண்டும். உற்பத்தி இலக்கை நினைத்து ஒரு வாரம் தள்ளிப்போடுவது, பின்னால் சவ்வையே மாற்ற வைக்கும்.

வெளிவரும் நீரில் உப்பு எவ்வளவு எனக் காட்டும் மின்கடத்துதிறனையும் கரிமச் சேர்மங்களின் மொத்த அளவையும் கருவிகள் இடைவிடாது அளக்கின்றன. மின்கடத்துதிறன் திடீரென உயர்ந்தால், சவ்வுகளைத் தாங்கும் ஒவ்வோர் அழுத்தக் குழாயிலும் தனித்தனியாக மாதிரி எடுத்து, எது கசிகிறது என்று கண்டறிய வேண்டும். பெரும்பாலும் சவ்வு பழுதாகியிருக்காது, இணைப்பிலுள்ள ரப்பர் வளையம்தான் பிசகியிருக்கும்.

இறுதியாகப் புற ஊதாக் கதிர் பாய்ச்சி, கரியமில வாயுவால் அமிலத்தன்மை ஏறியிருக்கும் நீரில் காரம் சேர்த்துச் சமன் செய்ய வேண்டும். இதன் பெரும்பகுதி மின்சில்லுத் தொழிற்சாலைகளுக்கும் குளிரூட்டும் கோபுரங்களுக்கும் செல்கிறது. வறண்ட காலத்தில் நீர்த்தேக்கங்களில் கலக்கப்பட்டு, மீண்டும் சுத்திகரிக்கப்பட்ட பின்னரே வீட்டுக் குழாய்க்கு வருகிறது. எந்த அளவீடாவது வரம்பைத் தாண்டினால், காரணம் தெரியும்வரை காத்திராமல் அந்த நீரை விநியோகத் தொட்டிக்குள் விடாது திருப்பிவிட வேண்டும்.