இல்லாத கோளுக்குப் பஞ்சாங்கம் போடும் முறை

விஞ்ஞானக் கதை எழுத வருகிற பிள்ளைகள் முதலில் கோளுக்கு ஒரு பேர் வைக்கிறார்கள். மறுகா இரண்டு சூரியன், மூன்று நிலா, ஊதா வானம். நான் இலங்கையின் கிழக்குக் கரையில், பெரியநீலாவணையில் கணக்குப் படிப்பிக்கிறவன். ஆகவே கொப்பியும் கல்குலேட்டரும் எடுங்கள்.

முதலில் விண்மீன். சூரியனைப் போல ஒன்றை எடுத்தால் வேலை லேசு, கதை சப்பென்று போகும். நான் எடுப்பது சிவப்புக் குள்ளன், அதாவது சூரியனைவிடச் சிறிய, சூடு குறைந்த, மங்கலான விண்மீன். சூரியனுக்கு மிகக் கிட்ட உள்ள விண்மீனான புறொக்சிமா சென்டோரியும் அந்த இனம்தான்; தூரம் 4.24 ஒளியாண்டு. மே மாத நடுவில் இரவு பதினொரு மணிபோல நம்மூர்க் கடற்கரையில் தெற்கே பாருங்கள். தாழ்வாக அல்பா சென்டோரி பளிச்சென்று நிற்கும். புறொக்சிமா அதற்குப் பக்கத்தில்தான், ஆனால் வெறுங்கண்ணுக்குப் பிடிபடாது. அவ்வளவு மங்கல்.

நம்முடைய கற்பனை விண்மீனுக்குச் சூரியனில் காற்பங்கு திணிவும் நூறில் ஒரு பங்கு ஒளியும் கொடுப்போம். பூமிக்குக் கிடைக்கிற அளவு சூடு வேண்டுமென்றால் ஒளியின் வர்க்கமூலத்தை எடுக்க வேண்டும். அது பத்தில் ஒன்று. பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தூரத்தில் பத்தில் ஒரு பங்கில் கோளை வையுங்கள். ஆண்டு எவ்வளவு? கெப்ளர் 1619இல் வெளியிட்ட மூன்றாம் விதி இருக்கிறது: தூரத்தின் கனத்தைத் திணிவால் வகுத்து வர்க்கமூலம் எடுங்கள். 0.001ஐ 0.25ஆல் வகுத்தால் 0.004, அதன் மூலம் 0.063 ஆண்டு, அதாவது 23 நாள்.

இவ்வளவு கிட்ட இருக்கிற கோள் பெரும்பாலும் விண்மீனுக்கு ஒரே முகத்தைக் காட்டியபடிதான் சுற்றும். ஒரு பக்கம் ஓயாத பகல், மறுபக்கம் ஓயாத இரவு, நடுவில் அந்தி வளையம். குடியிருப்பை அந்த வளையத்தில், மத்திய கோட்டருகே வையுங்கள். அங்கே சூரியன் நம்முடையதைவிட இரண்டரை மடங்கு அகலமாக அடிவானத்தில் அசையாமல் கிடக்கும். இந்த இனத்து விண்மீன்கள் திடீரென்று பொங்கிச் சீறவும் செய்யும். ஆபத்துக் காட்சி தேவையானவர்கள் அதை எடுத்துக்கொள்ளலாம். எனக்கு அதில் ருசி இல்லை.

நிலா வேண்டாம். விண்மீன் இவ்வளவு கிட்ட நின்றால் நெடுங்காலத்துக்கு நிலா தங்காது.

இனித்தான் விசயம். நம்மட ஆட்கள் அங்கே குடியேறினால் கண்ணகி அம்மனையும் கொண்டுதானே போவார்கள்? கோயில் கதவு திறந்து தொடங்கும் வைகாசிச் சடங்கு, பூரணையை ஒட்டி, அம்மனைக் குளிரப்பண்ணும் குளிர்த்தியோடு முடிகிறது. நிலாவே இல்லாத ஊரில் கதவு திறப்பது எப்போது?

இதற்கு நான் கண்ட வழி, உள்ளுக்கு இன்னொரு கோள். அது விண்மீனை 13 நாளில் சுற்றட்டும். 13ஐயும் 23ஐயும் பெருக்கி, இரண்டுக்கும் உள்ள வித்தியாசமான 10ஆல் வகுங்கள்: 29.9 நாள். நம் கோளிலிருந்து பார்த்தால் அது வானத்தில் ஒரு சுற்று முடித்துப் பழைய இடத்துக்கு வர எடுக்கும் காலம் அது. நம் நிலாவின் மாதம் 29.5. கிட்டத்தட்ட அதே கணக்கு! அந்தி வளையத்தில் நிற்பவருக்கு அந்தக் கோள் சூரியன் கிடக்கும் அடிவானத்திலிருந்து மெல்ல ஏறி, 43 பாகை உயரம் போய்த் திரும்பி இறங்கும். பதினைந்து நாள் மேலே, பதினைந்து நாள் கீழே. பன்னிரண்டு தரம் ஏறி இறங்கினால் ஒரு வருசம் என்று கிழவிகள் கணக்கு வைப்பார்கள். கோளின் சொந்த ஆண்டான 23 நாளை ஒருவரும் மதிக்க மாட்டார்கள்.

ஒரு வில்லங்கம் உண்டு. அந்தக் கோள் உச்சியில் நிற்கும்போது பாதி முகத்தில்தான் வெளிச்சம். பூமியளவு கோள் என்றால் அப்போது நம் நிலாவில் எட்டில் ஒரு பங்கு அகலம். பாதி வடிவம் கூர்மையான கண்ணுக்கு மட்டும் தெரியும். முழு முகமும் ஒளிரும் நேரத்திலோ அது சூரியனுக்கு அங்கால் போய் மறைந்துவிடும். உச்சி நாளில் குளிர்த்தி ஆடுவோம் என்பார்கள் இளந்தாரிகள். அரை முகத்தைப் பூரணை என்று எப்படிச் சொல்வது, காணாவிட்டாலும் முழு முகம் முழு முகம்தான் என்பார் பூசை செய்கிற கட்டாடியார். கோயில் இரண்டுபடும். இந்தச் சண்டையிலிருந்து கதையைத் தொடங்குங்கள். விண்கலம் வந்து இறங்கியதெல்லாம் இரண்டு வரியில் போதும்.

எழுதி முடித்த பிரதியில் ‘விடியக்காலமை’, ‘பின்னேரம்’, ‘நிலவு’ என்று தேடிப் பார்த்து அகப்படுவதை வெட்டுங்கள். ‘நிழல் நீண்டது’ என்பதையும் விடாதீர்கள்: அங்கே நிழல் எப்போதும் நீளம்தான், கூடாது, குறையாது.