மெய்ஜி ஜப்பானப் படிக்கணுமா, பட்டுநூலப் புடிச்சுட்டுப் போங்க

குரூப் எக்ஸாமுக்குப் படிக்கறவங்க நெறையப்பேரு அமெரிக்கக் கடற்படைத் தளபதி பெர்ரி கப்பல்ல வந்தாரு, 1868ல ஆட்சி மாறி மெய்ஜி பேரரசர் காலம் ஆரம்பிச்சுது, ரயில் வந்துச்சு, கோட்டு சூட்டு போட்டாங்கன்னு வரிசையா மனப்பாடம் பண்றாங்க, நாலு நாள்ல மறந்துருதுங்க. கோபி, உடுமலைப் பக்கம் பட்டுக்கூடு பாத்து வளந்தவங்களுக்கு இதவிட சுளுவான வழி இருக்கு.

மொதல்ல ஜப்பான் அமெரிக்காவோட போட்ட ரெண்டு ஒப்பந்தத்தையும் பிரிச்சு வெச்சுக்கோங்க. 1854ல போட்டது முக்கியமா கப்பலுக்குத் தண்ணி, கரி, சாப்பாட்டு சாமான் குடுக்கறதுக்குத்தான். நெசமான யாவாரம் 1858 ஒப்பந்தத்துலதான், அடுத்த வருசமே யோகோஹாமா துறைமுகத்தத் தொறந்தாச்சு.

அப்பறம் அங்க யாரு என்ன வாங்குனாங்கன்னு பாருங்க. அந்தச் சமயம் பிரான்ஸ், இத்தாலியில பட்டுப்புழுவுக்கு பெப்ரின் நோய் (புழு வளக்கறவங்ககிட்ட இந்தப் பேரச் சொல்லிப் பாருங்க, மொகம் மாறிரும்), அதனால ஜப்பான் நூலுக்கும் புழு முட்டைக்கும் செம கிராக்கி. வெலை எகிறுனதுல கூடு வளத்தவன் காசு பாத்தான், கியோட்டோ நகரத்துல நிஷிஜின் பகுதி பட்டு நெசவாளிக்கு நூல் வாங்கவே முடியல.

அடுத்து டோமியோகாங்கற ஊரு, இங்க கொஞ்சம் நிதானமாப் படிங்க. 1872ல அரசாங்கமே பிரெஞ்சுக்காரர் புரூனாவ வெச்சு அங்க பட்டு நூற்பாலை கட்டுச்சு, ஆனா வேலைக்குப் பொம்பளப் புள்ளைங்க வரலைங்க, வெள்ளைக்காரங்க குடிக்கற ஒயினப் பாத்துட்டு ரத்தம் குடிக்கறாங்கன்னு ஊரெல்லாம் பேச்சு. கடைசியில மேனேஜர் ஒடாகா தன் மகளையே மொத ஆளா அனுப்புனாரு. பொறவு சாமுராய் (பரம்பரைப் போர்வீரர்) வீட்டுப் புள்ளைங்களும் வந்தாங்க. அவங்கப்பன்மாருக்கு 1876ல வாளும் போச்சு, பரம்பரை மானியமும் போச்சு. ஆனா டோமியோகாவ மட்டும் வெச்சு எல்லா மில்லும் இப்படித்தான்னு எழுதிறாதீங்க. பின்னாடி வந்த தனியார் மில்லுல அப்பன் கைல முன்பணம், புள்ளைக்கு ஹாஸ்டல், விடிஞ்சதுலருந்து ராத்திரி வரைக்கும் வேலை. சுமங்கலித் திட்டத்தப் பாத்த நம்ம ஊர்க்காரங்களுக்கு இத வெளக்கவே வேண்டாம்.

ரயில் பாடத்துக்கு முன்னாடி 1873 நில வரியப் படிச்சிருங்க. நெலத்து மதிப்புல 3 சதவீதம், ரொக்கமாக் கட்டணும், வெளைஞ்சாலும் வெளையாட்டியும். கலவரம் வெடிச்சு 1877ல 2.5 ஆக்குனாங்க. ஏன் வெவசாயி தலையிலயே விழுந்துச்சுன்னா, 1866லருந்து எறக்குமதிச் சரக்குக்கு சுமார் 5 சதவீதத்துக்கு மேல வரி போட மேல்நாட்டுக்காரங்க ஜப்பான விடல, சுங்க வரிய முழுசா தானே முடிவு பண்ற உரிமை 1911லதான் கெடைச்சுது. இந்த ரெண்டையும் சேத்து எழுதுங்க, மார்க் வரும்.